விடுதலைப் பத்திரம்

போடிநாயக்கனூருக்குப் புதிதாக வருகிறவர்களை ஏலம் என்ற சொல் கொஞ்சம் குழப்பும். மலையில் விளைவதும் ஏலம், கீழே இறக்கி விற்பதும் ஏலம். நறுமணப் பொருள் வாரியத்தின் மின் ஏல மையத்தில் வியாபாரிகள் ஆளுக்கொரு கணினி முன்னால் உட்கார்ந்திருப்பார்கள். பக்கத்து நாற்காலிக்காரர் மச்சானாக இருக்கலாம், சம்பந்தியாகவும் இருக்கலாம். மாதிரிக் காயை உள்ளங்கையில் உருட்டிப் பார்த்து, நகத்தால் ஒன்றை உரித்து முகர்ந்துவிட்டு, அந்த மச்சானைவிட ஒரு ரூபாய் கூட்டி அழுத்துவார்கள். 2019 ஆகஸ்டில் கிலோ 7,000 ரூபாய் வரை போனது. அந்த வாரம் விற்றவர் சிரித்தார், முந்தின மாதமே விற்றுத் தீர்த்தவர் வயிறெரிந்தார். அடுத்த சில ஆண்டுகளில் விலை ஆயிரத்துக்கும் கீழே விழுந்தபோது இருப்பு வைத்தவர்கள் தலையில் கை வைத்தார்கள். இத்தனைக்கும் நடுவில் ஒருவர்கூட இன்னொருவரைப் பார்த்து, "நீ ஏன் உன்னை மட்டும் நினைத்தாய்?" என்று கேட்கவில்லை. கேட்டால் சிரிப்பார்கள். வியாபாரம் என்றால் அப்படித்தான்.

இதே ஆட்களைக் கல்யாண மண்டபத்தில் பார்க்கிறேன். பந்திக்கு முந்தின வரிசை நாற்காலியில் உட்கார்ந்து, வெற்றிலைக்கு முன்பே பேச்சு தொடங்கிவிடும். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு நான், எனக்கு, என் இஷ்டம், இவ்வளவுதான். கூட்டுக்குடும்பம் போச்சு, ஊர்க்கட்டுப்பாடு போச்சு, பெரியவர்கள் சொல்லுக்கு மதிப்பு போச்சு. படிப்பும் செல்போனும் வந்து ஒவ்வொருத்தனையும் தனித்தனியாகப் பிய்த்துப் போட்டுவிட்டன. பட்டிமன்ற மேடையில் இதே வாதம் கைதட்டல் வாங்குகிறது, வாட்ஸ்அப்பில் ரோஜாப்பூப் படத்தோடு காலை வணக்கமாக வருகிறது. கொஞ்சம் படித்தவர்கள் இன்னொன்றும் சேர்த்துக்கொள்கிறார்கள்: இந்த 'நான்' மேற்கிலிருந்து வந்த சரக்கு, நம் மண்ணுக்கு ஆகாது.

இந்தப் பேச்சு தப்பு என்பது என் கட்சி. எங்கோ ஒரு மூலையில் தப்பு, மற்றபடி சரி என்று நான் சொல்லவில்லை. அடிவாரத்திலேயே தப்பு. சமூகம் சிதைகிறது என்ற பெயரில் சொல்லப்படும் இந்தக் கவலைக்கும் சமூகத்துக்கும் சம்பந்தம் குறைவு. யார் முடிவெடுப்பது என்ற சண்டைக்குப் போட்டிருக்கும் பட்டு வேட்டி அது. ஏலக் கணினியில் விரல் வைக்கும் ஆணின் 'நான்' கெட்டிக்காரத்தனம் ஆகிறது. ஏலக்காய் பறிக்கும் பெண்ணின் 'நான்' திமிர் ஆகிறது.

கல்விப்புலத்திலும் இந்தப் பேச்சுக்கு ஒரு பெரிய சாட்சி உண்டு. அவர் கல்யாண மண்டபத்து ஆள் இல்லை என்பதால் மரியாதையோடு எடுத்துக்கொள்ள வேண்டும். பிரெஞ்சு மானிடவியலாளர் லூயி துய்மோன் 1949, 50 வாக்கில் உசிலம்பட்டிப் பக்கம் பிரமலைக் கள்ளர்களிடையே தங்கி ஆய்வு செய்தார். மதுரையிலிருந்து போடிக்கு ரயில் போகிற அதே தடம். பின்னால் 1966-இல் வந்த தன் பெரிய நூலில் சாதி அமைப்பை முழுமையாக விளக்கப் பார்த்தார். இந்தியச் சமூகத்தில் தனிமனிதன் என்று மதிக்கப்படுகிறவன் துறவி ஒருவன்தான், உலகத்தைவிட்டு வெளியே போனவனுக்குத்தான் இங்கே 'நான்' உண்டு, உள்ளே இருப்பவன் எல்லாம் முழுமையின் ஒரு துண்டு என்பது அவர் வாதத்தின் சாரம். அழகான வாதம். உலகம் முழுக்கப் பல தலைமுறை மாணவர்கள் படித்தார்கள்.

ஆனால் அவர் தங்கியிருந்த அந்த மக்களின் அண்மைக்கால வரலாற்றைப் பாருங்கள். வெள்ளைக்காரர்கள் போட்ட குற்றப் பரம்பரைச் சட்டம் என்று ஒன்று இருந்தது. ஒரு சாதியில் பிறந்தால் போதும், பிறக்கும்போதே திருடன். கைரேகை வைக்க வேண்டும், வெளியூர் போக அனுமதிச் சீட்டு வேண்டும். 1920 ஏப்ரல் 3-ஆம் தேதி பெருங்காமநல்லூரில் இந்தக் கைரேகையை எதிர்த்து நின்றவர்கள்மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. செத்தவர்களில் மாயக்காள் என்ற பெண்ணும் ஒருவர். சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் ஒழிந்தது 1947-இல்தான். துய்மோன் வந்து இறங்குவதற்கு இரண்டு வருடத்துக்கு முன்பு. "நான் செய்யாத திருட்டுக்கு என் பெருவிரலை ஏன் கேட்கிறாய்?" என்ற கேள்வியில் இருப்பது எந்தத் துறவியின் 'நான்'? அந்தக் கேள்வியைக் கேட்க மேற்கிலிருந்து சரக்கு எதுவும் வரவில்லை. வந்த சரக்கு கைரேகைப் பதிவேடுதான்.

சரி, மலைக்குப் போவோம். துறவிகளும் மலைக்குப் போவார்கள், எங்கள் பெண்களும் போகிறார்கள். துறவி கூலி வாங்கிக்கொண்டு சாயங்காலம் திரும்புவதில்லை என்பதுதான் வித்தியாசம்.

வெள்ளன நாலரைக்கு எழுந்து வந்தால் போடியிலும் தேவாரத்திலும் கம்பத்திலும் ஜீப்புகள் நிற்பதைப் பார்க்கலாம். தூக்குவாளி, தண்ணீர் கேன், மழைக்கு உரச்சாக்கைப் பிரித்துத் தைத்த கொங்காணி, அட்டைக்கு மூக்குப்பொடிப் பொட்டலம். வண்டியின் அனுமதி எத்தனை பேருக்கு என்பது காகிதத்தில் இருக்கும், வண்டியில் இருக்காது. போடிமெட்டுக்கு 17 கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொரு வளைவிலும் உள்ளே இருக்கிறவர்கள் மொத்தமாக ஒரு பக்கம் சாய்ந்து மொத்தமாக நிமிர்வார்கள். அந்தச் சாய்வைப் பார்த்தால் சமூகம் சிதைந்துவிட்டது என்று யாருக்கும் தோன்றாது.

ஏலச்செடியில் காய் மேலே தொங்காது. தூரிலிருந்து கிளம்பும் சரம் தரையோடு படர்ந்து கிடக்கும். குத்துக்காலிட்டுச் சருகை விலக்கி, சரத்தைத் தூக்கிப் பிடித்து, முற்றின காயை மட்டும் கிள்ள வேண்டும். பிஞ்சைத் தொட்டால் அடுத்த ரவுண்டில் காய் இருக்காது. விட்டுவிட்டால் பழுத்து வெடித்துவிடும். நாற்பது, நாற்பத்தைந்து நாளைக்கு ஒரு ரவுண்டு. ஐந்து கிலோ பச்சைக் காய், உலர்த்தும் ஸ்டோரில் வெந்து காய்ந்து ஒரு கிலோ ஆகும். இது ஆகும், இது நிற்கட்டும் என்று ஒரு பெண் ஒரு நாளைக்கு ஆயிரக்கணக்கான தடவை, கங்காணி எட்டிப் பார்க்க முடியாத தூருக்கடியில், தானாக முடிவெடுக்கிறார். அந்த முடிவின்மேல்தான் ஊரின் செல்வம் நிற்கிறது. வீட்டுக்கு வந்ததும் அவருக்கு எதையும் முடிவெடுக்கத் தெரியாது என்கிறோம்.

எங்கள் தெருவில் அப்படி ஒரு அக்கா. முப்பது வருடமாக மலை ஏறுகிறார். முதல் நாள் போய்விட்டு வந்தபோது வாசலிலேயே அவருடைய அண்ணன் மறித்தாராம். "யாரைக் கேட்டு மலை ஏறுன?" வீட்டுக்காரருக்கு உடம்புக்கு முடியாத நேரம், கேட்க ஆளும் இல்லை, கேட்டால் விடவும் மாட்டார்கள். "யாரைக் கேக்க? அரிசிப் பானையக் கேட்டுட்டுத்தான் போனேன்" என்றாராம். குடும்ப மானம், பொம்பளைக்கு அடக்கம் என்று ஒரு வாரம் பேச்சுவார்த்தை இல்லை. இரண்டாம் வாரச் சம்பளத்தில் கைமாத்து கேட்டு வந்தவரும் அதே அண்ணன்தான். அக்கா இதைச் சொல்லும்போது கோபத்தோடு சொல்வதில்லை, சிரித்துக்கொண்டேதான் சொல்வார். எனக்குத்தான் கோபம் வரும்.

கூட்டுக்குடும்பம் உடைந்துபோன கதைக்கு வருகிறேன். இதை உடைத்தது செல்போன் என்கிறவர்கள் ஏதாவது ஒரு சார்பதிவாளர் அலுவலகத்தில் அரைநாள் உட்கார்ந்து பார்க்கட்டும். பாகப்பிரிவினைப் பத்திரம் அலைக்கற்றை வருவதற்கு முன்பே இங்கே இருந்தது. அண்ணன் தம்பிகள் வரப்புக்கு வரப்பு அளந்து பிரித்துக்கொண்டார்கள், கிணற்றில் முறை வைத்துக்கொண்டார்கள், ஒரே வீட்டுக்குக் குறுக்கே சுவர் எழுப்பி இரண்டு வாசல் வைத்தார்கள். அப்போது யாரும் 'தனிமனித வாதம்' என்று சொல்லவில்லை. பாகம் பிரிந்தது, அவ்வளவுதான். அதாவது, ஆணுக்கு ஆண் பிரிந்தால் அது சொத்து விவகாரம். பெண் தன் பங்கைக் கேட்டால்தான் குடும்பம் சிதைகிறது.

தமிழ்நாட்டில் 1989 மார்ச் 25 முதல் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனைப் போலவே பங்கு உண்டு. அதற்கு முன்பே கல்யாணமான பெண்களை அந்தச் சட்டம் விட்டுவிட்டது. 2005-இல் மத்திய சட்டம் வந்து அந்த ஓட்டையையும் அடைத்தது. பிறப்பினாலேயே உரிமை என்று 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சந்தேகத்துக்கு இடமில்லாமல் சொல்லிவிட்டது. சட்டம் இப்படி இருக்க, நடப்பில் இருப்பது வேறொரு காகிதம். தங்கச்சியைக் கூட்டி வந்து, ஒரு சேலை எடுத்துக் கொடுத்து, ஓட்டலில் சாப்பாடு வாங்கிக் கொடுத்து, தன் பங்கு எனக்கு வேண்டாம் என்று எழுதி வாங்குகிற காகிதம். அதற்குப் பத்திர எழுத்தர்கள் வைத்திருக்கும் பெயர் விடுதலைப் பத்திரம். யாருக்கு யாரிடமிருந்து விடுதலை என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன். எங்கள் சொந்தத்திலேயே மூன்று பெண்கள் இப்படி எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். மூவரில் ஒருவர்கூட எழுதியதைப் படித்துப் பார்க்கவில்லை. "அண்ணன் கேட்டுச்சு, போட்டேன்." அவர்களில் ஒருவருக்கு இன்று உட்காரத் திண்ணை இல்லை. குடும்பம் என்ற அமைப்பு தாங்கிப் பிடிக்கும் என்கிறவர்கள் அவரை ஒரு தடவை வந்து பார்க்கலாம்.

இதுவரை படித்தவர், சரி, அப்படியானால் இந்த அமைப்புகளை எல்லாம் உதறிவிட்டு அவரவர் வழியில் போவதுதான் விடுதலை என்று இவர் சொல்லப்போகிறார் என நினைக்கலாம். அதுதான் இல்லை. அந்தக் கட்சியோடும் எனக்குச் சண்டை இருக்கிறது. 'உன்னை நீ நேசி, யாரையும் பொருட்படுத்தாதே' என்று பெருநகரத்திலிருந்து காணொளி போடுகிறவர்களும் கல்யாண மண்டபத்துப் பெரியவரும் ஒரே தராசைத்தான் வைத்திருக்கிறார்கள். ஒரு தட்டில் நான், மறு தட்டில் சமூகம். இது ஏறினால் அது இறங்கும். பெரியவர் ஒரு தட்டை அழுத்துகிறார், இவர்கள் மறு தட்டை அழுத்துகிறார்கள். தராசே தப்பு என்று இரண்டு பேருக்கும் தோன்றவில்லை.

போடிமெட்டு ஏறி, பூப்பாறை தாண்டி, தேவிகுளம் வழியாக மூணாறு போனால் இதற்குக் கண்ணெதிரே சாட்சி இருக்கிறது. 2015 செப்டம்பர். கண்ணன் தேவன் தேயிலைத் தோட்டங்களில் போனஸ் பத்து விழுக்காடு என்று அறிவிப்பு வந்தது. அதற்கு முன்பு வாங்கியது இதைவிட அதிகம். தினக்கூலி 232 ரூபாய். கொழுந்து கிள்ளும் பெண்கள், பெரும்பாலும் தமிழர்கள், அதிலும் பெரும்பாலும் தலித்துகள், இருபது விழுக்காடு போனஸும் 500 ரூபாய் கூலியும் வேண்டும் என்று சாலையில் உட்கார்ந்தார்கள். நான்கைந்து தலைமுறைக்கு முன் கீழே இந்தத் தமிழ்ச் சமவெளியிலிருந்து ஏறிப் போனவர்களின் வழிவந்தவர்கள் அவர்கள்.

அவர்கள் எதிர்த்தது கம்பெனியை மட்டுமா? இல்லை. எல்லா நிறத்துத் தொழிற்சங்கத் தலைவர்களையும் கிட்டே வரவிடவில்லை. ஆளும் கட்சி, எதிர்க்கட்சி என்று பேதம் பார்க்கவில்லை. இத்தனை வருடம் சந்தா கட்டினோம், கையெழுத்துப் போடுகிற இடத்தில் எங்களில் ஒருத்தியைக்கூட உட்கார வைத்தீர்களா என்பது அவர்கள் வழக்கு. ஒன்பது நாள். கேரள எதிர்க்கட்சித் தலைவராக இருந்த அச்சுதானந்தன் வந்தபோது மட்டும் ஒதுங்கி இடம் கொடுத்தார்கள், தீர்வு வரும்வரை அவரும் அவர்களோடு உட்கார்ந்திருந்தார். கடைசியில் 8.33 விழுக்காடு போனஸ், 11.67 விழுக்காடு கருணைத்தொகை என்று கணக்கைக் கூட்டி இருபதாக்கிக் கொடுத்தார்கள். கருணை என்று பெயர் வைத்ததில் கம்பெனியின் மானம் தப்பியது. கூலி பிறகு 301 ரூபாய் ஆனது. 500 வரவில்லை.

நம் பெரியவர்களின் இலக்கணப்படி இந்தப் பெண்கள் செய்தது என்ன? புருஷன் உறுப்பினராக இருக்கிற சங்கத்தை எதிர்த்தார்கள். தலைவர்களை மதிக்கவில்லை. அடுப்பை விட்டுவிட்டு ஒன்பது நாள் ரோட்டில் இருந்தார்கள். 'நான்' தலைக்கேறியதன் உச்சம். ஆனால் அவர்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயர் பொம்பளை ஒற்றுமை. சங்கத்தை எதிர்த்துக் கிளம்பியவர்கள் முதலில் செய்த காரியம் ஒரு கூட்டத்தைச் சேர்த்தது, அடுத்துச் செய்த காரியம் அதையே ஒரு சங்கமாக்கியது. அந்த நவம்பரிலேயே உள்ளாட்சித் தேர்தலிலும் நின்றார்கள். பிறகு அவர்களுக்குள்ளும் பிளவு வந்தது, தலைமைக்குச் சண்டை வந்தது, சிலர் பழைய கட்சிகளோடு சேர்ந்தார்கள். "பார்த்தாயா, நான் அப்பவே சொன்னேன்" என்றார்கள் ஆண்கள். ஆண்களின் சங்கங்கள் எத்தனை துண்டாக உடைந்தன என்று அவர்களிடம் கேட்கக் கூடாது.

இதில் எனக்குப் பிடித்த இடம் இதுதான்: தனக்கு மரியாதை வேண்டும் என்று ஒருத்திக்குத் தோன்றுவது தனியாக இருக்கும்போது தோன்றலாம். அதை வாங்குவதற்குக் கூட்டம் வேண்டும், பதிவு எண் வேண்டும், மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார நாற்காலி வேண்டும். தமிழுக்கு இது புதிதும் இல்லை. 1925-இல் பெரியார் தொடங்கியதன் பெயரிலேயே 'சுயம்' இருக்கிறது, அதுவோ ஓர் இயக்கம். 1928-இல் அருப்புக்கோட்டைப் பக்கம் சுக்கிலநத்தத்தில் நடந்த முதல் சுயமரியாதைத் திருமணத்துக்குப் புரோகிதர் வேண்டியிருக்கவில்லை, ஆனால் சபை வேண்டியிருந்தது. அந்த மாதிரிக் கல்யாணம் சட்டப்படி செல்லும் என்றாவதற்கு 1967-இல் அண்ணா ஆட்சியின் சட்டத் திருத்தம் வேண்டியிருந்தது. நம் ஊர்ப் பெண்கள் சேர்ந்திருக்கும் சுயஉதவிக் குழுவையே எடுத்துக்கொள்ளுங்கள். சுயமும் குழுவும் ஒரே பெயருக்குள் அடித்துக்கொள்ளாமல் இருக்கின்றன. (குழுக் கடன் கொடுக்கும் கம்பெனி ஆட்கள் தவணை தவறினால் வாசலில் வந்து உட்கார்ந்துகொள்கிறார்கள், மற்ற உறுப்பினர்களைக் கொண்டே திட்ட வைக்கிறார்கள். அமைப்பு என்றாலே அமிர்தம் என்று நான் சொல்ல வரவில்லை.)

அமைப்பே இல்லாத சுத்தமான 'நான்' எப்படி இருக்கும் என்று பார்க்க வேண்டுமா? அதுவும் இதே மலையில் கிடைக்கும். இன்று இடுக்கி ஏலத்தோட்டங்களில் ஜார்க்கண்ட், அசாம், மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்தவர்கள் தகர ஷெட்டுகளில் தங்கி வேலை செய்கிறார்கள். ஊர்ப் பெரியவர் இல்லை, சாதிப் பஞ்சாயத்து இல்லை, மாமியார் இல்லை. காணொளிக்காரர்களின் கணக்குப்படி பூரண சுதந்திரம். ஆனால் அவர்களுக்கு இங்கே ஓட்டு இல்லை, சங்கம் இல்லை, மொழி தெரியாது. கொடுத்ததை வாங்கிக்கொள்வார்கள். 2011 டிசம்பரில் கேரளாவோடு முல்லைப் பெரியாறு அணைத் தகராறு முற்றி எல்லைச் சாலைகள் அடைபட்டபோது எங்கள் ஜனங்களும் அந்த நிலைக்குத்தான் வந்தார்கள். தோட்டங்களில் மாட்டிக்கொண்டவர்கள் துணி மூட்டையோடு மலைப்பாதையில் இறங்கி வந்தார்கள். எங்கள் தெரு அக்காவும் அதில் ஒருவர். இரண்டு நாள் கால் வீங்கிக் கிடந்தார். அன்றைக்கு அவருக்குத் தேவைப்பட்டது தன்னம்பிக்கை இல்லை, ஒரு பஸ்.

கல்யாண விஷயத்துக்கு வராமல் இந்தப் பேச்சு முடியாது, ஏனென்றால் மண்டபத்துப் பெரியவரின் உண்மையான பயமே அதுதான். போடி வட்டாரத்துக்கு இதில் தழும்பு உண்டு. 1989-இல் இங்கே நடந்த சாதிக் கலவரத்தில் எரிந்த வீடுகளை நினைவு வைத்திருப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். பெண் யாரைக் கட்டுவாள் என்ற கேள்வி இந்தப் பக்கத்தில் பெண்ணோடு நிற்கும் கேள்வியாக ஒருநாளும் இருந்ததில்லை.

2012 வாக்கில் தமிழ்நாட்டில் ஒரு சொல் புழக்கத்துக்கு வந்தது: நாடகக் காதல். வேறு சாதிப் பையன்கள் ஜீன்ஸும் கூலிங் கிளாஸும் போட்டு வந்து எங்கள் பெண்களை மயக்குகிறார்கள் என்றார்கள். இந்தச் சொல்லைக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள். ஒரு பக்கம், இந்தத் தலைமுறைக்கு 'நான்' முற்றிவிட்டது, யார் பேச்சையும் கேட்பதில்லை என்கிறீர்கள். மறுபக்கம், அதே தலைமுறைப் பெண் வாய் திறந்து "இவனைத்தான் கட்டுவேன்" என்று சொன்னால், அது அவள் பேச்சே இல்லை, எவனோ எழுதிக் கொடுத்த வசனம் என்கிறீர்கள். அவளுக்கு 'நான்' அதிகமா, இல்லவே இல்லையா? இரண்டில் ஒன்றைச் சொல்லுங்கள். இரண்டையும் சொல்ல முடிகிறதென்றால், சுயநலம் பற்றிய கவலை வெறும் சாக்கு.

ரயில் தடத்தில் இன்னும் கொஞ்சம் கிழக்கே போனால் அதே உசிலம்பட்டி. 2014-இல் விமலாதேவி என்ற பெண் வேறு சாதிப் பையனைக் கட்டிக்கொண்டு கேரளாவுக்குப் போனார். போலீஸ் தேடிப்பிடித்துத் திரும்ப அழைத்து வந்தது. கொஞ்ச நாளில் இறந்துபோனார், உடல் அவசர அவசரமாக எரிக்கப்பட்டது. கொலை என்று கணவர் நீதிமன்றம் போனார். 2016 ஏப்ரல் 13-இல் உயர் நீதிமன்ற நீதிபதி வி. ராமசுப்பிரமணியன் தந்த தீர்ப்பு, மாவட்டந்தோறும் ஒரு சிறப்புப் பிரிவு அமைக்கச் சொன்னது. காவல் கண்காணிப்பாளர், சமூக நல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் மூவரும் அதில் இருக்க வேண்டும், 24 மணி நேரமும் தொலைபேசி இயங்க வேண்டும். காதல் வாழ்க என்று எழுதிவிட்டுப் போகாமல் ஒரு அலுவலகத்தையும் ஒரு தொலைபேசி எண்ணையும் கேட்ட அந்தத் தீர்ப்பு எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது. அந்தப் பெண்ணிடம் துணிச்சல் இருந்தது. இல்லாமல் போனது எடுத்துப் பேசுகிற ஒரு எண். வீட்டையும் ஸ்டேஷனையும் தவிர மூன்றாவதாக அவருக்குப் போக ஓர் இடம் இருந்ததா? வக்கீல் அலுவலகத்தில் நடந்த கல்யாணம் செல்லாது என்று சொல்லப்பட்டுவந்ததையும் 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் மாற்றியது. ஒரு பெண்ணும் ஒரு பையனும் நாலு சாட்சியும் ஒரு அறையும் போதும் என்றாவதற்கு இத்தனை நீதிமன்றப் படி.

பெரியவர் தரப்பில் ஒரு நியாயம் இருக்கிறது, அதை மறைத்தால் நான் நேர்மையாக எழுதினவன் ஆக மாட்டேன். போடியில் சாயங்காலம் தெருவில் நடந்தால் பூட்டிய வீடுகள் தெரிகின்றன. திறந்த வீடுகளில் ஒரு கிழவி, ஒரு தொலைக்காட்சி. பிள்ளை திருப்பூரில், பெண் சென்னையில், பேரன் இன்னும் தூரத்தில். 2023 ஜூனில் போடிக்கு மறுபடியும் ரயில் வந்தபோது, பன்னிரண்டு வருடம் தண்டவாளம் இல்லாமல் கிடந்த ஊருக்குச் சென்னையிலிருந்து நேர் வண்டி வந்த அன்று, ஸ்டேஷனில் கூடினவர்களில் பாதிப்பேர் வயசாளிகள். பிள்ளைகள் வருவார்கள் என்று. தனிமை உண்மை, அது வலிக்கும்.

ஆனால் அந்தக் கிழவியைத் தனியாக விட்டது யாருடைய 'நான்'? பிள்ளை திருப்பூர் போனது தன்னை நேசிக்க இல்லை, விலை விழுந்த தோட்டத்தில் சம்பளம் இல்லாததால். அவர் போனதை ஊர் சாமர்த்தியம் என்றுதான் சொன்னது. அந்தக் கிழவியை இன்று தாங்குவது எது என்று கணக்குப் பாருங்கள். மாதம் 1,200 ரூபாய் முதியோர் உதவித்தொகை. ரேஷன் அரிசி. பக்கத்து வீட்டுப் பெண் கொண்டுவந்து கொடுக்கும் குழம்பு. அந்தப் பக்கத்து வீட்டுப் பெண்ணுக்கு 2023 செப்டம்பரிலிருந்து மாதம் ஆயிரம் ரூபாய் தன் பெயரில் உள்ள கணக்குக்கு வருகிறது. அரசாங்கம் அதற்கு உதவி என்று பெயர் வைக்காமல் உரிமைத்தொகை என்று வைத்தது. இலவசம் கொடுத்துப் பெண்களைக் கெடுத்துவிட்டார்கள், டிக்கெட் இல்லாத பஸ்ஸில் ஏறி ஊர் சுற்றுகிறார்கள் என்று மண்டபத்தில் சொல்கிறவர்களும் உண்டு. அவர்கள் வீட்டுக் கிழவிக்கு மாத்திரை வாங்கப் பெரிய ஆஸ்பத்திரிக்கு யார் அந்த பஸ்ஸில் போகிறார்கள் என்பது அவர்களுக்குத் தெரியும்.

அக்காவைப் பற்றி ஒன்று பாக்கி. போன வருடம் அவருடைய அண்ணன் வீட்டிலிருந்து ஆள் வந்தது. அப்பா வீட்டு மனையைப் பேரன் பெயருக்கு மாற்ற வேண்டுமாம், அக்கா ஒரு கையெழுத்துப் போட்டால் போதுமாம். தேதி குறித்தாகிவிட்டது, பத்திரம் அடித்தாகிவிட்டது, சேலையும் எடுத்தாகிவிட்டது. அக்கா அந்தக் காகிதத்தை என்னிடம் கொண்டுவந்து, "என்ன எழுதிருக்குன்னு முழுசா வாசி" என்றார். வாசித்தேன். விடுதலை என்ற இடத்தில் நிறுத்தச் சொல்லி இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார். ஒன்றும் பேசவில்லை. மடித்து ரேஷன் கார்டு வைத்திருக்கும் பிளாஸ்டிக் பைக்குள் வைத்துக்கொண்டார்.

குறித்த தேதியில் காலை நாலரைக்கு அவர் ஜீப்பில் இருந்தார். அண்ணனுக்குப் போன் போட்டுப் பேசியது பின்சீட்டில் இருந்தவர்கள் எல்லாருக்கும் கேட்டிருக்கிறது. "கோவிச்சுக்கிறாதண்ணே, ரவுண்டு ஆரம்பிச்சிருச்சு. இன்னிக்கு எடுக்கலன்னா காய் வெடிச்சிரும். அடுத்த வாரம் பாப்போம்." சேலை வாங்கி வைத்தது வைத்தபடி அண்ணன் வீட்டு பீரோவில் இருக்கிறதாம். அந்த அடுத்த வாரம் இன்னும் வரவில்லை.